வன்னி உளவுக் காதல் கதை: வாசகர்கள் திரும்பத் திரும்பக் கேட்பவை

கதையைப் படிக்காமல் இங்கே வந்தவர்களுக்கு முதலில் சுருக்கம். இலங்கையின் வடக்கே வன்னியில், 1999 கடைசியில் தொடங்கி 2002 ஏப்ரலில் முடிகிற கதை. இருவரும் விடுதலைப் புலிகள் இயக்கத்தின் புலனாய்வுத்துறை. அவள் இராணுவத்தின் கையில் இருந்த வவுனியா நகரில் ஒரு தையல் கடையில் வேலை பார்த்தபடி இராணுவ நடமாட்டத்தைக் கவனித்துத் தகவல் அனுப்புகிறாள். அவன் புதுக்குடியிருப்புப் பக்கம் இருந்துகொண்டு அந்தத் தகவல்களை வாங்கிப் பதிகிறவன். இருவருக்கும் பிடித்துப்போகிறது. கலியாணத்துக்கு அனுமதி கேட்டுவிட்டுக் காத்திருக்கிறபோது, முத்தையன்கட்டுப் பக்கம் காட்டுப் பாதையில் ஒரு கிளைமோர் கண்ணிவெடி வெடித்து ஒரு பொறுப்பாளர் இறக்கிறார். அதற்கு ஒரு கிழமை முன்புதான் அவள் வன்னிக்கு வந்து போயிருக்கிறாள். அந்தப் பயணத்தில் ஒரு நாளுக்குக் கணக்கில்லை. அவளைப் பற்றி அறிக்கை எழுதும் வேலை அவனிடமே வருகிறது. அவன் எழுதிக் கொடுக்கிறான்.

இனிக் கேள்விகள்.

அவள் காட்டிக்கொடுத்தாளா, இல்லையா?

இல்லை. இதை மர்மமாக வைக்க நான் நினைக்கவே இல்லை. விறகு வெட்டப் போனவர்கள் காட்டுக்குள் சப்பாத்து அடையாளங்களைப் பார்த்துவிட்டுப் பயத்தில் யாருக்கும் சொல்லாமல் திரும்புகிற அத்தியாயம் இருக்கிறதே, அங்கேயே பதில் இருக்கிறது. வந்தவர்கள் இராணுவத்தின் ஆழ ஊடுருவும் அணி. பல நாள் படுத்துக் கிடந்து பாதையைத் தாங்களே பார்த்துக்கொண்டார்கள். அவர்களுக்கு அவள் தேவைப்படவில்லை.

கணக்கில் வராத அந்த நாளில் அவள் மல்லாவியில் தன் தங்கச்சியோடு இருந்தாள். தங்கச்சி இயக்கத்தை விட்டு ஓடி வந்து ஒரு வீட்டில் ஒளிந்திருந்தவள். அவனிடம் உண்மையைச் சொன்னால் அவன் அதை மேலே சொல்லியாக வேண்டும், சொல்லாவிட்டால் அவனும் குற்றவாளி. அதனால் "வற்றாப்பளைக்குப் போனேன், அம்மனுக்கு நேர்த்தி இருந்தது" என்று சொல்லிவைத்தாள்.

முத்தையன்கட்டுச் சம்பவம் கேணல் சங்கரின் மரணம்தானே?

இல்லை, அது கற்பனை. புலிகளின் மூத்த தளபதியான சங்கர் கொல்லப்பட்டது 2001 செப்டம்பர் 26, ஒட்டுசுட்டான் பகுதியில். ஆனால் அந்த நாட்களின் பயம் கதைக்குள் வந்திருக்கிறது என்பதை மறுக்கமாட்டேன். முன்னரங்கு எங்கோ இருக்கிறது, நாம் உள்ளே பத்திரமாக இருக்கிறோம் என்று நினைத்த சனத்துக்கு, வீட்டுக்குப் பின்னால் இருக்கிற பாலைமரக் காட்டுக்குள் யார் படுத்திருக்கிறார்கள் என்று தெரியாத காலம் அது. குண்டு வானத்தில் இருந்து விழுந்தால் கிபிர் போர் விமானத்தைத் திட்டலாம். பக்கத்துக் காட்டில் இருந்து வெடித்தால், யார் வழி காட்டினார்கள் என்ற கேள்விதான் முதலில் வரும். கேட்டுவிட்டால் பிறகு ஒரு பெயர் சொல்லாமல் யாருக்கும் நித்திரை வராது.

இயக்கத்தில் காதலுக்குத் தடை இருந்ததே? இது நடக்குமா?

ஆரம்ப காலத்தில் கடுமையான தடை இருந்தது உண்மை. தலைவர் பிரபாகரனே மதிவதனியை 1984 அக்டோபர் 1ஆம் தேதி திருப்போரூர் முருகன் கோயிலில் திருமணம் செய்துகொண்டார். அதற்குப் பிறகு அந்தத் தடை தளர்ந்தது. வயதும் சேவைக் காலமும் நிரம்பியவர்கள் அனுமதி பெற்றுத் திருமணம் செய்யலாம் என்றானது. தொண்ணூறுகளின் வன்னியில் இயக்கக் குடும்பங்கள் ஏராளம்.

ஆகவே காதல் என்பதில் பிரச்சினை இல்லை. பிரச்சினை இரண்டு பேரின் வேலையில். திருக்குறளில் ஒற்றாடல் என்று ஓர் அதிகாரமே இருக்கிறது. ஓர் ஒற்றன் கொண்டு வந்ததை இன்னோர் ஒற்றனை வைத்துச் சரிபார் என்கிறது ஒரு குறள். ஒற்றர்கள் ஒருவரை ஒருவர் அறியாதபடி நடத்து என்கிறது அடுத்த குறள். உலகத்தில் எந்த உளவு அமைப்பும் இந்த இரண்டையும் விட்டுக்கொடுக்காது. ஒருவரை ஒருவர் முழுதாக அறிய வேண்டும் என்பது காதல். ஒருவரை ஒருவர் அறியவே கூடாது என்பது தொழில். இவர்கள் அனுமதி கேட்டு விண்ணப்பம் எழுதியபோதே அந்த இரண்டும் மோதிவிட்டன. கிளைமோர் பிறகு வந்தது.

ஆளுக்கொரு பக்கத்து உளவாளியாக வைத்திருந்தால் கதை இன்னும் விறுவிறுப்பாக இருக்குமே?

விறுவிறுப்பாக இருக்கும், சந்தேகம் இல்லை. ஆனால் எதிரிப் பக்கத்து ஆளைக் காதலிப்பவனுக்கு ஒரு வசதி உண்டு, அவள் தன்னை ஏமாற்றக்கூடும் என்று முதல் நாளே தெரியும். ஒரே பக்கத்தில், ஒரே பாயில் இருந்து சாப்பிட்டவர்களுக்கு இடையில் வருகிற சந்தேகத்துக்கு அப்படி முன்னறிவிப்பு எதுவும் இல்லை.

பாஸ் எடுக்கும் காட்சி ஏன் இவ்வளவு நீளம்? அலுப்பாக இருக்கிறது.

இதைக் கேட்பவர்கள் பெரும்பாலும் வன்னியில் இருந்திராதவர்கள். இருந்தவர்கள் ஏன் இவ்வளவு சுருக்கமாக முடித்தீர்கள் என்று கேட்கிறார்கள்.

அந்தக் காலத்தில் வன்னியை விட்டு வெளியே போக இயக்கத்தின் பாஸ் வேண்டும். எதற்குப் போகிறீர்கள், எப்போது திரும்புவீர்கள், உங்களுக்காக யார் பிணை நிற்பது என்று எல்லாவற்றுக்கும் பதில் வேண்டும். போனவர் திரும்பாவிட்டால் பிணை நின்றவர் பதில் சொல்ல வேண்டும். ஆஸ்பத்திரித் துண்டு, வெளிநாட்டுப் பிள்ளையின் கடிதம், கலியாண அழைப்பிதழ் என்று கையில் ஏதாவது வைத்துக்கொண்டு சனம் வாங்கில் காத்திருக்கும். அந்தப் பக்கம் வவுனியாவில் இறங்கினால் இராணுவத்தின் பாஸ். ஒரு நாளைக்கு, ஒரு கிழமைக்கு, ஒரு மாதத்துக்கு என்று தருவார்கள், முடிய முடியப் புதுப்பிக்க வேண்டும். வன்னியில் இருந்து வந்தவர் என்றாலே புலி என்ற பார்வை. திரும்பி வன்னிக்குள் வந்தால், வவுனியாவில் இவ்வளவு நாள் என்ன செய்தீர் என்ற கேள்வி.

ஒரு சாதாரண அம்மா மருந்து எடுக்கப் போய் வருவதற்கே இரண்டு பக்கமும் தான் யார் என்று நிரூபிக்க வேண்டியிருந்தது. சனம் முழுவதுமே பாதி உளவாளியின் வாழ்க்கை வாழ்ந்தது என்று சொல்லலாம். எங்கே பேசலாம், எங்கே வாயை மூட வேண்டும், எந்தக் கடிதத்தை எங்கே கிழித்துப் போட வேண்டும் என்பதெல்லாம் பத்து வயதுப் பிள்ளைக்கும் தெரியும். அந்த வரிசையை வாசகர் கொஞ்ச நேரமாவது நின்று கடக்காவிட்டால், ஒரு நாள் கணக்கில் வராமல் போனது ஏன் இவ்வளவு பெரிய விஷயம் என்று அவருக்கு விளங்காது. அலுப்பு வேண்டுமென்றே வைத்ததுதான்.

தகவல் எப்படிப் போய் வந்தது என்று எழுதவே இல்லையே?

எழுதப் போவதும் இல்லை. அந்த வேலையில் இருந்தவர்களும், தெரியாமலே அதில் மாட்டுப்பட்டவர்களும் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள்.

ஏன் அந்தக் காலகட்டம்?

இராணுவத்தின் ஜெயசிக்குறு நடவடிக்கை 1997 மே மாதம் தொடங்கி ஒன்றரை வருடத்துக்கு மேல் நீண்டது. அதில் இராணுவம் அங்குலம் அங்குலமாகப் பிடித்த நிலம், 1999 நவம்பரில் இயக்கத்தின் ஓயாத அலைகள் மூன்று என்ற தாக்குதல் தொடங்கியபோது சில நாட்களில் கைமாறியது. 2000 ஏப்ரலில் ஆனையிறவு இராணுவத் தளம் இயக்கத்திடம் விழுந்தது. வெல்கிற காலத்தில் சந்தேகம் குறையும் என்றுதான் நாம் நினைப்போம். அப்படி இல்லை. வெற்றி பெரிதாகப் பெரிதாக, உள்ளே யாரோ இருந்து கெடுக்கப் போகிறார்கள் என்ற பயமும் கூடவே பெரிதாகும்.

வாழ்க்கையின் நிலவரமும் எனக்குப் பிடித்திருந்தது (அதாவது எழுதுவதற்கு, வாழ்வதற்கு அல்ல). பொருளாதாரத் தடை, மின்சாரம் இல்லை, பற்றறி இல்லை. சைக்கிளைத் தலைகீழாகப் போட்டு மிதியைச் சுற்றி, டைனமோவில் ரேடியோ கேட்ட காலம். மோட்டார் சைக்கிள் மண்ணெண்ணெயில் ஓடி ஊரைப் புகையாக்கும். அவனுடைய ரேடியோவுக்கு அவள் வவுனியாவில் இருந்து ஒரு சோடிப் பற்றறி ஒளித்துக் கொண்டுவருகிறாள் என்று எழுதியிருக்கிறேன். அங்கே அது தங்கச் சங்கிலிக்குச் சமம். பிறகு அறிக்கையில் அந்தப் பற்றறியும் வருகிறது: "தடை செய்யப்பட்ட பொருளைச் சோதனைச் சாவடியில் பிடிபடாமல் கொண்டு வந்தார். யாருடைய உதவியால் என்பது தெரியவில்லை." கதையில் நான் அதிக நேரம் செலவழித்த வரி அதுதான்.

அவன் செய்தது துரோகமா? உண்மையைத்தானே எழுதினான்?

அதிகம் வந்த கேள்வி இது. அவனுக்காகப் பேசுகிறவர்களின் வாதம் இதுதான்: அவன் ஒரு பொய்யும் எழுதவில்லை. அவளைப் பிடித்திருக்கிறது என்பதைக்கூட முதல் பந்தியிலேயே எழுதினான். வற்றாப்பளையில் விசாரித்தான், யாரும் அவளைப் பார்க்கவில்லை, அதை எழுதினான். தான் நேர்மையாக இருந்தால் அவள் தப்பிவிடுவாள் என்று நம்பினான்.

சரி. ஆனால் அவன் அவளிடம் கேட்கவில்லையே. கேட்பதற்கு ஒரு முழு இரவு இருந்தது. அவள் அடுத்த அறையில்தான் இருந்தாள். அவன் கடதாசியோடு இருந்தான். கேட்டால் அவள் உண்மையைச் சொல்லிவிடுவாளோ, சொன்னால் தானும் மறைக்க வேண்டி வருமோ என்ற பயம் அவனுக்கு. அதைக் கடமை என்று தனக்குத்தானே பெயர் வைத்துக்கொண்டான். என் தீர்ப்பைக் கேட்டால், அது துரோகம்தான். எழுதிய வரி ஒவ்வொன்றும் உண்மையாக இருந்தபோதும் துரோகம்தான்.

இன்னொரு பக்கம் இருக்கிறது. பல மாதங்களுக்கு முன் அவளிடமும் அவனைப் பற்றி அறிக்கை கேட்டிருந்தார்கள். காரணம் அவனுடைய அண்ணன். மாத்தையா பிரச்சினை நினைவிருக்கும்: இயக்கத்தின் இரண்டாம் நிலையில் இருந்தவர், இந்திய உளவுத்துறையோடு தொடர்பு என்ற குற்றச்சாட்டில் 1993இல் பிடிக்கப்பட்டு 1994 கடைசியில் கொல்லப்பட்டார். அவரோடு நின்ற பலரும் விசாரணைக்குள் போனார்கள். கதையில் அவனுடைய அண்ணனும் அப்படிப் போய்த் திரும்பி வராதவன். அவன் அண்ணனைப் பற்றி ஏதாவது பேசுகிறானா என்று அவளிடம் கேட்டார்கள். அவன் அவளிடம் அண்ணனைப் பற்றித்தான் அதிகம் பேசியிருக்கிறான். அவளோ "ஒருநாளும் பேசியதில்லை" என்று எழுதிக் கொடுத்தாள்.

ஆக இருவருமே ஒருவரைப் பற்றி ஒருவர் எழுதினார்கள். பொய் எழுதியவள் காப்பாற்றினாள். உண்மை எழுதியவன் மாட்டிவைத்தான். இதைச் சொல்லத்தான் கதையை எழுதினேன். இதை வைத்து "அப்படியென்றால் பொய் நல்லதா" என்று கேட்டு ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருந்தார். ஐயா, உண்மையை யார் கையில் கொடுக்கிறோம் என்பதையும் பார்க்க வேண்டும் அல்லவா?

அவள் குப்பி கடித்திருக்கலாமே? இயக்கத்தில் எல்லோரிடமும் இருக்குமே?

சயனைட் குப்பி எதிரியிடம் பிடிபடும்போது கடிப்பதற்கு. அவளைப் பிடித்தது அவளுடைய ஆட்கள். விசாரணைக்குப் போகும்போது குப்பியைக் கழற்றி மேசையில் வைக்கச் சொல்கிற இடத்தில் நிறைய வாசகர்கள் அழுததாகச் சொன்னார்கள். அழுவதற்கென்று எழுதவில்லை, விசாரணை என்றால் அப்படித்தான் தொடங்கும் என்று நினைத்து எழுதினேன்.

வற்றாப்பளை அம்மனை இதற்குள் இழுத்திருக்க வேண்டுமா?

கோபப்பட்டவர்களுக்கு: அம்மனை நான் இழுக்கவில்லை. முல்லைத்தீவுப் பக்கத்துப் பெண் ஒருத்திக்கு அவசரத்தில் வாயில் வருகிற கோயில் வற்றாப்பளைதான். வைகாசிப் பொங்கலுக்கு வன்னியே அங்கே திரளும், கடல்நீரில் விளக்கு எரிக்கிற கோயில்.

கண்ணகி அம்மன் என்பதால் இன்னொரு பொருத்தம் தானாக வந்து விழுந்தது. ஒழுங்காக விசாரிக்காமல் புருஷனைக் கள்வன் என்று கொன்றதற்காக அரசனிடம் நியாயம் கேட்டவள் அவள். அவளுடைய வாசலிலேயே போய் நின்று, "இவளைப் பார்த்தீர்களா" என்று அவன் அரைகுறையாக விசாரிக்கிறான். கதையில் இதை எங்கேயும் சுட்டிக்காட்டவில்லை. கேட்டதால் சொல்கிறேன்.

கிழவர் ஏன் 'காக்கை வன்னியன்' என்று திட்டுகிறார்?

வன்னியில் காட்டிக்கொடுத்தவனுக்கு அந்தப் பெயர்தான். பண்டார வன்னியன் 1803இல் முல்லைத்தீவுக் கோட்டையில் இருந்த ஆங்கிலேயரை விரட்டினான். அதே வருடம் அக்டோபர் 31ஆம் தேதி கற்சிலைமடுவில் வொன் டிரிபேர்க் என்ற கப்டனின் படையிடம் தோற்றான். அது பதிவு. காக்கை வன்னியன் காட்டிக்கொடுத்ததால் தோற்றான் என்பது நாடக மேடையிலும் வாய்வழியிலும் வளர்ந்த கதை. எங்கள் ஊர்களில் அந்த நாடகம் போட்டால் பண்டார வன்னியனாக நடிக்கப் போட்டி இருக்கும், காக்கை வன்னியனுக்கு ஆள் பிடிப்பதுதான் கஷ்டம். தோல்விக்கெல்லாம் ஒரு காக்கை வன்னியனைத் தேடுகிற பழக்கம் எங்களுக்கு இருநூறு வருடமாக இருக்கிறது. கிழவர் பாத்திரம் அதற்காகத்தான்.

இயக்கத்தைக் கொச்சைப்படுத்துகிறீர்கள். / இயக்கத்துக்கு வெள்ளையடிக்கிறீர்கள்.

இரண்டும் ஒரே கிழமையில் வந்தன, சேர்த்தே பதில். துரோகி என்று எழுதி விளக்குக் கம்பத்தில் கட்டிவிட்ட உடல்களைப் பார்த்து வளர்ந்த தலைமுறை ஒன்று எங்களிடம் இருக்கிறது. அவர்களில் எத்தனை பேர் உண்மையில் தகவல் கொடுத்தவர்கள் என்று ஒழுங்கான விசாரணை எதுவும் நமக்குச் சொல்லவில்லை. வவுனியாவில் ஆளை அடையாளம் காட்ட இராணுவம் முகமூடி போட்டு நிறுத்திய தலையாட்டி தலையை அசைத்ததற்காக லொறியில் ஏறிப் போய்க் காணாமல் போனவர்களின் தாய்மாருக்கும் அதே கேள்வி இருக்கிறது. ஒரு பக்கத்தைச் சொல்லி மற்றதை மறைத்தால், கதையில் அவன் எழுதிய அறிக்கை மாதிரி ஆகிவிடும்.

கொழும்பிலும் நிலைமை வேறில்லை. 2002 ஜனவரியில் அத்துருகிரியவில் இராணுவப் புலனாய்வின் இரகசிய வீட்டைச் சிங்களப் பொலிசே சோதனை போட்டு ஊருக்குக் காட்டிவிட்டது. ஆழ ஊடுருவும் அணியோடு வேலை செய்த பலர் அதற்குப் பிறகு ஒவ்வொருவராகக் கொல்லப்பட்டார்கள்.

இருவருக்கும் ஏன் பெயர் வைக்கவில்லை?

எந்தப் பெயரை வைப்பது? வீட்டுப் பெயர், இயக்கப் பெயர், வோக்கி டோக்கியில் கூப்பிடுகிற இலக்கம், அவளுக்கு வவுனியா அடையாள அட்டையில் இன்னொரு பெயர். முறிகண்டியில்தான் அவள் முதல்முறையாக அவனுடைய வீட்டுப் பெயரைக் கேட்கிறாள். அவன் சொல்கிறான், வாசகருக்கு நான் சொல்லவில்லை. அது அவர்கள் பாடு.

முறிகண்டிச் சந்திப்பில் அவள் ஏன் கோபப்படவில்லை?

கோபப்படுகிறாள், சத்தம் போடவில்லை அவ்வளவுதான். 2002 பெப்ரவரியில் போர்நிறுத்த ஒப்பந்தம் கைச்சாத்தாகி, ஏப்ரலில் யாழ்ப்பாணத்துக்குப் போகிற ஏ9 பாதை திறந்ததும் முறிகண்டிப் பிள்ளையாரடியில் நிற்காத வாகனம் இல்லை. தேங்காய் உடைத்து, கச்சான் (வேர்க்கடலை) வாங்கிக்கொண்டு, ஒருவரை ஒருவர் வருடக்கணக்கில் காணாத சனம் கட்டிப்பிடித்து அழுகிற இடம். அந்தக் கூட்டத்துக்குள் விசாரணையில் இருந்து வெளியே வந்து வீட்டுக்கு அனுப்பப்பட்டவளும், இன்னும் இயக்கத்தில் இருக்கிறவனும் எதிர்ப்படுகிறார்கள்.

"நீங்கள் எழுதினதை எனக்கு வாசித்துக் காட்டினவை. எழுத்துப் பிழை ஒன்றும் இல்லை" என்கிறாள். அதைவிடப் பெரிய வசவு எனக்குத் தெரியாது. பிறகு தான் அவனைப் பற்றி எழுதிக் கொடுத்ததையும் சொல்கிறாள். அவள் அவனை மன்னித்தாளா என்று கேட்கிறார்கள். கச்சான் சரையை அவன் கையில் கொடுத்துவிட்டு பஸ் ஏறுகிறாள், மன்னிப்பு என்று நான் எழுதவில்லை. கடைசிவரை 'நீங்கள்' என்றுதான் பேசுகிறாள் என்பதை ஒரு வாசகி மட்டும் கவனித்து எழுதியிருந்தார். இயக்கத்துச் சோடிகள் பலர் அப்படித்தான் பேசிக்கொள்வார்கள், அதனால் அது நெருக்கமா விலகலா என்று நீங்களே முடிவு செய்யலாம்.

2009இல் அவர்கள் என்ன ஆனார்கள்?

கதை 2002இல் முடிகிறது. முள்ளிவாய்க்காலை ஒரு காதல் கதைக்கு முடிவுக் காட்சியாக வைக்க எனக்கு மனம் வரவில்லை.

நாடகமாகப் போடலாமா? குறும்படம் எடுக்கலாமா?

தாராளமாக. பணம் எதுவும் வேண்டாம், முன்கூட்டி ஒரு மடல் போட்டால் போதும். மூன்று நிபந்தனைகள் மட்டும். தங்கச்சி பாத்திரத்தை வெட்டக்கூடாது. அது இல்லாவிட்டால் அவள் மறைத்ததற்குக் காரணமே இல்லாமல் போகும். மேலதிகாரியை மீசை முறுக்குகிற வில்லனாக்கக் கூடாது. அவர் தேநீர் ஊற்றிக் கொடுத்து, "அவசரம் இல்லை, யோசிச்சு எழுதும் தம்பி" என்று சொல்கிறவர், அப்படியே இருக்கட்டும். பாஸ் கந்தோர் வரிசையை மேடையில் காட்ட ஆள் போதாது என்று ஒரு குழு கேட்டது. பார்வையாளர்களையே வாசலில் வரிசையில் நிறுத்தி, யார் பிணை என்று கேட்டுவிட்டு உள்ளே விடுங்கள்.